சொன்னபடி கேட்ட குழந்தை: பேபி பெக்கியின் இளமைத் தொழில்

கலங்கரை விளக்கம் காத்து நிற்கும் கிழவர் ஒருவர், கப்பல் உடைந்து கரையொதுங்கிய பெண் குழந்தையை எடுத்து வளர்க்கிறார். குழந்தை வளர்ந்து கிழவரின் உயிராகிவிட்ட பின்னர், உறவினர் வந்து உரிமை கொண்டாடுகின்றனர். 'காப்டன் ஜனவரி' என்னும் இக்கதையில் 1936-ஆம் ஆண்டு ஷெர்லி டெம்பிள் நடித்தாள். அதைப் பேசும் படமாகப் பார்த்தவர்களும் கேள்வியுற்றவர்களும் நம்மவரிற் பலர் இருந்திருப்பர். ஆனால் அதே கதையில் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன்னரே, ஊமைப் படக் காலத்தில், மற்றொரு சிறுமி நடித்துவிட்டாள் என்பதை அறிந்தோர் சிலரே. அவள் பெயர் பெக்கி ஜீன் மாண்ட்கோமரி. உலகம் அவளை 'பேபி பெக்கி' என்று அழைத்தது. 1937-இல் 'பாலயோகினி' வெளிவந்தபோது தமிழ்நாட்டு விளம்பரத் தாள்களில் நம் பேபி சரோஜாவின் பெயருக்கு முன் நின்ற 'பேபி' என்னும் அடைமொழி, அவளுக்கு முன்பே இவளுக்குச் சூட்டப்பட்டிருந்தது. சரோஜாவை நம்மவர் இந்தியாவின் ஷெர்லி டெம்பிள் என்று கொண்டாடினர். அந்த ஷெர்லிக்கும் முன்னவளான பெக்கியையோ அவளுடைய நாட்டினரே மறந்துபோயினர்.

இவளுடைய தொழில் வாழ்க்கையின் சிறந்த பகுதி முழுவதும் ஏழு வயதுக்குள் முடிந்துவிட்டது. நம் வீட்டுப் பிள்ளை பள்ளிக்கூடத்தில் அரிச்சுவடியைப் பிடிக்கும் பருவத்தில், இவள் ஒரு தொழிலில் உச்சிக்கு ஏறி, அங்கிருந்து தள்ளப்பட்டும் ஆயிற்று. அவ்வரலாற்றை ஈண்டு எழுதுவது சினிமா மோகத்தால் அன்று. ஒரு குழந்தை உழைத்துச் சம்பாதித்தால் அப்பணம் யாருடையது என்னும் கேள்வி அதனுள் அடங்கிக் கிடக்கிறது.

பெக்கி 1918-ஆம் ஆண்டு அக்டோபர் 29-ஆம் தேதி கலிபோர்னியாவில் பிறந்தாள். இரு பெண்களில் இளையவள். தகப்பன் ஜாக் மாண்ட்கோமரி மாட்டுப் பண்ணைகளில் குதிரையேறித் திரிந்தவர். பண்ணைத் தொழில் க்ஷீணித்த காலத்தில் அவ்வித ஆட்கள் பலர் ஹாலிவுட்டை நாடி வந்தனர். சினிமாவில் குதிரைச் சண்டைக் காட்சிகளுக்கு உண்மையில் குதிரையேறத் தெரிந்தவர்கள் தேவைப்பட்டனர். ஜாக்கும் அங்ஙனமே வந்து, அந்நாளில் பேர்போன குதிரைவீர நடிகர் டாம் மிக்ஸுக்குப் பதிலாளாக ஆபத்தான காட்சிகளில் விழுந்தெழுந்து பிழைத்தார். முகம் மட்டும் டாம் மிக்ஸுடையது, முதுகெலும்பு ஜாக்குடையது.

குழந்தைக்குப் பத்தொன்பது மாதம் ஆனபோது, தாய் மேரியன், சில்லறை வேஷம் போடும் தோழி ஒருத்தியுடன் செஞ்சுரி ஸ்டூடியோவுக்குச் சென்றாள், இடுப்பில் பெக்கி. அங்கே பிரெட் பிஷ்பாக் என்னும் டைரக்டரின் கண் குழந்தையின்மேல் விழுந்தது. அழகான குழந்தைகள் ஹாலிவுட்டில் ஆயிரம். அவரைக் கவர்ந்தது அழகன்று. உட்கார வைத்த இடத்தில் உட்கார்ந்து, சொன்னதைக் கேட்கும் குணமே அவரைக் கவர்ந்தது.

அந்தக் குணம் எங்கிருந்து வந்தது? குதிரைகளையும் நாய்களையும் பழக்கும் முறையிலேயே ஜாக் தம் குழந்தைகளையும் பழக்கி வைத்திருந்தார். உரக்க அதட்டவேண்டியதில்லை, விரலைச் சொடுக்கினால் போதும். 'நில்' என்றால் நிற்கவேண்டும், 'அழு' என்றால் அழவேண்டும். ஏன் என்ற கேள்வி அவ்வீட்டில் இல்லை. மகள் புகழ்பெற்ற பின்னரும், அவளிடம் திறமை ஏதோ தனியாக இருக்கிறதென்று ஜாக் ஒப்புக்கொள்ளவில்லை. அவள் சொன்னபடி கேட்கிறாள், அவ்வளவே அவளுடைய வித்தை என்பதே அவர் எண்ணம். அதாவது, வித்தை சொல்பவருடையது, கேட்பவளுடையதன்று.

ஊமைப் படத்தின் தொழில் முறை இதற்கு மிகவும் இசைந்து நின்றது. பேசும் படத்தில் காட்சி நடக்கும்போது எவரும் மூச்சு விடவும் கூடாது. ஊமைப் படத்திலோ காமிராக்காரர் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருக்கையிலேயே டைரக்டர் அருகில் நின்று, 'இப்பொழுது சிரி, இப்பொழுது பயப்படு, கதவைப் பார்' என்று உரக்கக் கட்டளையிடலாம். குரல் படத்தில் பதியாது. பாடம் நெட்டுருப் பண்ண வேண்டாம். பேசத் தெரியவும் வேண்டாம். சொன்ன கணத்தில் முகத்தை மாற்றும் குழந்தை கிடைத்தால் முதலாளிக்குப் பொன்மரம். ஜாக் தம் குதிரைச் சவாரியை விட்டுவிட்டு, காமிராவின் ஓரத்தில் நின்று மகளுக்குக் கட்டளையிடுவதையே தொழிலாகக் கொண்டார்.

முதல் படம் 1921-இல் வந்தது. அவளுக்குத் துணை நடிகர் பிரவுனி என்னும் நாய். அதுவும் சொன்னபடி கேட்பதில் தேர்ந்த பிராணியே. படம் ஓடிற்று, ஒப்பந்தம் நீண்டது. 1921 முதல் 1924 வரை சுமார் நூற்றைம்பது சிறு ஹாஸ்யப் படங்களில் நடித்ததாகச் சொல்லப்படுகிறது. இவை பெரும்பாலும் இரண்டு ரீல் படங்கள், சுமார் இருபது நிமிஷம் ஓடுபவை. பெரிய படத்துக்கு முன்னால் சபையோரைச் சிரிக்க வைக்கக் காட்டுவார்கள்.

அவற்றின் ஹாஸ்யம் எப்படிப்பட்டது என்பதையும் சொல்லவேண்டும். ருடால்ப் வாலண்டினோ, போலா நெக்ரி, மேரி பிக்போர்டு முதலிய அக்காலத்து மகா நட்சத்திரங்கள் நடித்த காதற் காட்சிகளையும் சோகக் காட்சிகளையும், மூன்று வயதுக் குழந்தை அதே உடை அணிந்து, அதே தோரணையில், அப்படியே நடித்துக் காட்டும். பெரியவர்களின் ஆடம்பரமெல்லாம் அரை முழ உயரத்தில் வந்து நிற்கும்போது சிரிப்பு வராமல் என்ன செய்யும்? வெட்டிய கருங்கூந்தலும், அகன்ற கண்களும், சட்டென்று கோபிக்கும் உதடுகளும் உடைய அவள் உருவத்தை இன்று மிஞ்சியுள்ள சில படங்களில் பார்ப்பவர், தகப்பனார் சொன்னதை நம்பமாட்டார். கட்டளை வெளியிலிருந்து வந்தது மெய். அதைச் செய்து காட்டிய முகமும், நொடி தவறாத தாளமும் அவளுடையவை. இது என் அபிப்பிராயம்.

நிற்க, அவள் செய்த வேலையைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். நாளொன்றுக்கு எட்டு மணி நேரம். வாரத்துக்கு ஆறு நாள். பள்ளிக்கூடம் கிடையாது. ஒரு படத்தில், கடல் நீருக்குள் அவளை அழுத்திப் பிடித்ததில் மூர்ச்சையானாள். மற்றொன்றில் ரயில் வண்டியின் அடியில் ஒட்டிக்கொண்டு செல்லவேண்டியிருந்தது. 1923-இல் வந்த 'தி டார்லிங் ஆப் நியூயார்க்' படத்தில் தீப்பற்றி எரியும் அறையிலிருந்து தனியாகத் தப்பி வந்தாள். இவற்றுக்குப் பதிலாள் வைக்கவில்லை. தகப்பனுக்கு டாம் மிக்ஸின் இடத்தில் விழும் வேலை இருந்தது. மகளின் இடத்தில் விழ ஒருவரும் இல்லை. மிருகங்கள் நடிக்கும் படங்களில், யானைப் பாகன் ஒருவனை யானை மிதித்துக் கொன்றதையும் அக்குழந்தையின் கண்கள் பார்த்தன. அன்று மாலை வீட்டுக்குப் போய் மறுநாள் வழக்கம்போல் வேலைக்கு வரவேண்டும்.

யூனிவர்சல் கம்பெனி அவளைச் சிறு படங்களிலிருந்து முழுநீளப் படங்களுக்கு உயர்த்திற்று. அதன்பின் சால் லெஸ்ஸர் என்னும் முதலாளி அவளை எடுத்துக்கொண்டு 1924-இல் 'காப்டன் ஜனவரி'யை வெளியிட்டார். அதே ஆண்டில் 'ஹெலன்ஸ் பேபீஸ்' என்னும் படமும் வந்தது. அதில் துணைப் பாத்திரத்தில் நடித்த கிளாரா போ என்னும் இளம்பெண் பிற்காலத்தில் ஊமைப் படத்தின் பெரும் நட்சத்திரங்களுள் ஒருவரானார். அந்தப் படத்தில் கதாநாயகி ஐந்து வயதுக் குழந்தை.

இக்காலத்தில் அவளுக்கு வந்த ரசிகர் கடிதங்கள் ஒரே ஆண்டில் பன்னிரண்டு லட்சத்தைத் தாண்டினவாம். அவள் உருவத்தில் பொம்மைகள் விற்றன. பிற்காலத்தில் நடிகையாகப் புகழ்பெற்ற ஜூடி கார்லண்ட் என்பவரும் குழந்தைப் பருவத்தில் அப்பொம்மையை வைத்து விளையாடியவரே. ஆண்டுக்குப் பதினைந்து லட்சம் டாலர் ஒப்பந்தம் என்று பத்திரிகைகள் எழுதின. 'பத்து லட்சம் டாலர் குழந்தை' என்னும் பட்டமும் கிடைத்தது.

இங்கே அந்நாட்டுச் சட்டத்தைப் பற்றிச் சிறிது சொல்வது அவசியம். பெக்கி பிறந்த 1918-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில், ஆலைகளிலும் சுரங்கங்களிலும் குழந்தை உழைப்பைத் தடுக்க அமெரிக்கக் காங்கிரஸ் இயற்றிய முதற் சட்டத்தை அந்நாட்டு உயர்தனி நீதிமன்றம் செல்லாதென்று தள்ளிற்று. வரி விதிப்பதன் மூலம் தடுக்க முயன்ற இரண்டாம் சட்டமும் 1922-இல் அதே கதியை அடைந்தது. இனி அரசியல் சட்டத்தையே திருத்துவதென்று முடிவு செய்து, 1924-ஆம் ஆண்டு ஜூன் மாதத் தொடக்கத்தில் காங்கிரஸ் அத்திருத்தத்தை நிறைவேற்றி, மாகாணங்களின் சம்மதத்துக்கு அனுப்பிற்று. தேவையான எண்ணிக்கையில் மாகாணங்கள் சம்மதம் தரவேயில்லை.

அதே ஜூன் மாதக் கடைசியில் நியூயார்க் நகரில் ஜனநாயகக் கட்சியின் மாநாடு கூடியது. வேட்பாளரைத் தேர்ந்தெடுக்க முடியாமல் 103 தடவை வாக்கெடுத்த பிரசித்தமான மாநாடு அது. அம்மாநாட்டின் மேடையில், பின்னாளில் ஜனாதிபதியான பிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டின் பக்கத்தில், தேசக் கொடியை அசைத்துக்கொண்டு ஒரு குழந்தை நின்றது. அது மாநாட்டின் மங்கலச் சின்னமாக அழைத்துவரப்பட்ட பேபி பெக்கி. நாட்டிலேயே மிகுந்த கூலி பெறும் குழந்தைத் தொழிலாளி அவள் என்பது அங்கிருந்த எவர் நினைவிலாவது வந்ததோ, அறியேன். சினிமா நடிப்பை வேலையென்று எண்ணுவார் இல்லை. குழந்தை விளையாடுகிறது, காமிரா அதைப் பிடிக்கிறது, அவ்வளவுதானே என்பது உலகத்தார் கொள்கை. 1938-இல் கடைசியாகத் தேசம் முழுவதற்குமான தொழிற் சட்டம் வந்து குழந்தை உழைப்பைத் தடுத்தபோதும், சினிமா நாடகக் குழந்தைகளுக்கு அதிலிருந்து விலக்கு அளித்துவிட்டது.

அச்சம்பாத்தியம் யாரைச் சேர்ந்தது? பழைய சட்டப்படி, மைனர் பிள்ளை ஈட்டிய கூலி பெற்றோரின் சொத்து. வயல் வேலைக்கும் ஆலை வேலைக்கும் ஏற்பட்ட விதி சினிமாவுக்கும் பொருந்திற்று. தோட்டத்து ஆபீசில் செக்ரோல் எழுதிப் பழகிய கைக்கு இது புதுமையாகத் தோன்றவில்லை. முற்காலத்தில் விடியுமுன் தாய் தகப்பனோடு பால்மரக் காட்டுக்குள் நடந்து, மங்கு துடைத்தும், கட்டிப்பால் பொறுக்கியும், வாளி தூக்கியும் உதவிய பிள்ளைகள் எத்தனையோ பேர். பால் நிறுக்குமிடத்தில் அவ்வுழைப்பெல்லாம் பெரியவர் பெயரிலேயே ஏறிற்று. அங்கே பெற்றோரின் வறுமை அதற்குக் காரணம். அப்பணம் அன்றன்றைக்கு அரிசியாகி அதே பிள்ளையின் வயிற்றுக்குள்ளும் போயிற்று. ஆதலின் இரண்டையும் ஒரே தட்டில் வைக்க என் மனம் ஒப்பவில்லை. மாண்ட்கோமரி வீட்டில் பணம் பங்களாவாகவும், விலையுயர்ந்த மோட்டார் வண்டிகளாகவும், உடைகளாகவும் மாறிற்று. குழந்தையின் பெயரில் ஒரு டாலரும் ஒதுக்கி வைக்கப்படவில்லை. கணக்கு வழக்குகளை ஒப்படைத்து நம்பியிருந்த உறவினர் ஒருவர் மிச்சத்தை எடுத்துக்கொண்டு மறைந்தார்.

1925-இல் சம்பள விஷயமாக ஜாக்குக்கும் லெஸ்ஸருக்கும் சச்சரவு மூண்டது. ஜாக் ஒப்பந்தத்தை முறித்தார். முதலாளிமார் உலகம் அதை மன்னிக்கவில்லை; வேறு கம்பெனிகளின் கதவுகளும் மூடிக்கொண்டன. அடுத்த ஆண்டில் ஒரு சிறு வேஷம் கிடைத்ததோடு ஊமைப் படங்களில் அவள் தொழில் தீர்ந்தது. பெரியவர்கள் இருவர் கூலியைப் பற்றிச் சண்டையிட்டார்கள்; வேலை போனது ஆறு வயதுக் குழந்தைக்கு. அக்குழந்தையோ, தான் ஏதோ தவறு செய்துவிட்டதாக எண்ணிற்று. சொன்னதைச் செய்வது ஒன்றையே அறிந்த பிள்ளைக்கு வேறு விளக்கம் எப்படித் தோன்றும்?

பின்னர் 'வாடவில்' என்னும் பல்சுவை மேடைகள். ஊர் ஊராக ரயிலில் போய், நாளுக்குப் பல ஆட்டம். பாட்டு, ஹாஸ்யக் காட்சி, தனியே நின்று பேசும் சோக வசனம் என்று எல்லாவற்றையும் அவள் கற்றாள். சினிமாக் குழந்தைக்கு மேடையில் என்ன தெரியும் என்று இகழ்ந்தவர்களும் வாயடைத்தனர். இக்காலத்துக் கூலியில் அவள் கைக்கு வந்தது ஆட்டம் ஒன்றுக்கு ஐந்து காசு. நோய் வந்தாலும் ஆட்டம் நிற்பதில்லை. 1925 முதல் 1929 வரை இவ்விதம் ஈட்டிய பணத்தால் வயோமிங் மாகாணத்தில் ஒரு பண்ணை வாங்கினார்கள். 1929-ஆம் ஆண்டுப் பங்குச் சந்தை வீழ்ச்சியோடு அதுவும் கைநழுவியது. குடும்பம் ஹாலிவுட்டுக்குத் திரும்பி, கூட்டத்தில் நிற்கும் எக்ஸ்ட்ரா வேலைக்குக் காத்து நின்றது. அக்கூட்டத்தில் ஒருத்தியாக, முன்னாள் 'பத்து லட்சம் டாலர் குழந்தை'யும் நின்றாள். 1938-இல் அதையும் விட்டொழித்தாள்.

அதே 1938-இல்தான் மற்றொருவர் நீதிமன்றம் ஏறினார். சாப்ளினோடு 'தி கிட்' படத்தில் 1921-இல் நடித்துப் புகழ்பெற்ற ஜாக்கி கூகன், தாம் குழந்தையாக ஈட்டியதாகக் கணக்கிடப்பட்ட நாற்பது லட்சம் டாலரைக் கேட்டுத் தம் தாயின்மீதும் மாற்றாந்தகப்பன்மீதும் வழக்குத் தொடுத்தார். கைக்கு வந்தது 126,000 டாலர் மாத்திரமே. ஊரார் சிரித்தும் வருந்தியும் பேசிய அவ்வழக்கின் பயனாக 1939-இல் கலிபோர்னியா மாகாணத்தில் சட்டமொன்று பிறந்தது. குழந்தை நடிகரின் ஒப்பந்தத்தை நீதிமன்றம் அங்கீகரிக்கையில், சம்பாத்தியத்தில் ஒரு பகுதியைக் குழந்தைக்கென ஒதுக்கும்படி ஆணையிடலாம் என்பது அதன் சாரம். நீதிமன்றத்துக்கே வராத ஒப்பந்தங்களை அச்சட்டம் தொடவில்லை; ஓட்டைகள் வேறு பல இருந்தன. பெக்கிக்கு அப்பொழுது இருபது வயது. பாதுகாக்க அவளிடம் ஒன்றும் இல்லை.

அவள் உழைத்த படங்களும் நிலைக்கவில்லை. 1926-இல் செஞ்சுரி ஸ்டூடியோ தீப்பற்றி எரிந்தபோது பெரும்பாலானவை சாம்பலாயின. அக்காலத்துப் பிலிம் எளிதில் தீப்பிடிக்கும் சரக்கு. தூர தேசங்களுக்குப் போன பிரதிகளில் சில, பல ஆண்டுகளுக்குப் பின் காப்பகங்களில் கண்டெடுக்கப்பட்டன. 'காப்டன் ஜனவரி'யும் 'ஹெலன்ஸ் பேபீ'ஸும் தப்பிப் பிழைத்தன.

வளர்ந்த பெண்மணியான பெக்கி அந்தப் பெயரைக் கழற்றி எறிந்தார். டயானா செர்ரா என்று பெயர் மாற்றி, 1954-இல் ஓவியர் பாப் கேரியை மணந்து, டயானா செர்ரா கேரி ஆனார். டெலிபோன் இணைக்கும் வேலையும் புத்தகக் கடை வேலையும் பார்த்தார். சொல்லிக் கொடுத்ததை மாத்திரம் செய்தவர், பிறகு தாமே கேள்வி கேட்கப் பழகினார். ஹாலிவுட் குழந்தைகளின் வரலாற்றை 1978-இல் நூலாக எழுதினார். தம் வரலாற்றை 1996-இல்தான் எழுதத் துணிந்தார். 2003-இல் ஜாக்கி கூகனின் வரலாற்றையும் எழுதினார். தகப்பனைத் தூற்றி எழுதும் வாய்ப்பு அவருக்கு நிறைய இருந்தது. அதைவிட, குழந்தையை வேலைக்கு விட்ட ஏற்பாடு முழுவதையும் விளக்குவதிலேயே அவர் கவனம் செலுத்தினார். முன்னாள் குழந்தை நடிகர்கள் சேர்ந்து நடத்திய சங்கத்தில் சேர்ந்து, சட்டம் திருந்தவேண்டுமென்று வாதாடினார்.

2020-ஆம் ஆண்டு பிப்ரவரி 24-ஆம் தேதி, தமது 101-ஆம் வயதில் அவர் காலமானார். அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன், 2000-ஆம் ஆண்டு ஜனவரி முதல் தேதியன்று, கூகன் பெயரால் வழங்கும் அச்சட்டம் திருத்தப்பெற்று அமுலுக்கு வந்தது. குழந்தை நடிகர் ஈட்டும் பணம் அக்குழந்தையின் சொந்தச் சொத்து, அதில் நூற்றுக்குப் பதினைந்து அதன் பெயரில் கட்டாயமாகச் சேமிக்கப்படவேண்டும் என்று எழுதப்பட்டது. அன்று பெக்கிக்கு வயது 81.